கோமாளி சாய்த்த மேஜை

டெலிவிஷன் என்ற வார்த்தை காதில் விழுந்ததும் நம் எழுத்தாளர்கள் முகத்தில் ஒரு சுளிப்பு வருகிறது. அந்தச் சுளிப்பையே ஒரு விமர்சன அபிப்பிராயமாக அவர்கள் பாவித்து வருகிறார்கள். பார்த்துவிட்டு நிராகரிப்பது விமர்சனம். பார்க்காமலே நிராகரிப்பது ஆசாரம், மடி காப்பது. நம் சிறுபத்திரிகை வட்டத்தில் இந்த விஷயத்தில் நான் கேட்டு வந்திருப்பவை இரண்டு கட்சிகள்தாம். அது வியாபாரிகளின் பெட்டி, கலைக்கு அதில் இடமே கிடையாது என்பது ஒரு கட்சி. நல்ல நாடகம், நல்ல கச்சேரி, நல்ல நாவல் என்று கொண்டுவந்து போட்டால் பெட்டி திருந்திவிடும் என்பது மற்றது. முதல் கட்சிக்காரர்களுக்கு இரண்டாவது கட்சிக்காரர்கள் சமரசவாதிகள். இவர்களுக்கு அவர்கள் மடாதிபதிகள். பல வருஷங்களாக நடந்து வரும் இந்தச் சண்டையில் இரு தரப்பும் நிற்பது ஒரே தரையில்தான். பெட்டிக்கென்று ஒரு குணம் இருக்கக்கூடும், அந்தக் குணத்தை ஒரு கலைஞன் விசாரிக்கக்கூடும் என்பது இருவருக்குமே தோன்றியதில்லை.

அந்த விசாரணையை 1950களிலேயே நடத்திக் காட்டியவர் எர்னி கோவாக்ஸ் என்கிற அமெரிக்கக் கோமாளி. கோமாளி என்ற சொல்லை யோசித்தே போடுகிறேன். அதை மறைத்துவிட்டு 'பரிசோதனைக் கலைஞர்' என்று அறிமுகம் செய்திருந்தால் இந்தப் பக்கங்களில் அவருக்கு உடனே ஒரு நாற்காலி கிடைத்திருக்கும். அப்படிக் கிடைக்கும் நாற்காலி அவருக்கு வேண்டாம் என்பதுதான் இந்தக் கட்டுரையின் வாதம்.

வாழ்க்கை விவரங்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். ஹங்கேரிய வம்சாவளிக் குடும்பம். நியூஜெர்ஸி மாநிலத்து ட்ரென்டன் நகரில் 1919 ஜனவரி 23-ல் பிறந்தார். நியூயார்க்குக்கு நடிப்புப் படிக்கப் போனவரை 1939-ல் நுரையீரல் நோய் சுமார் ஒன்றரை வருஷம் ஆஸ்பத்திரியில் கிடத்திவிட்டது. படுக்கையருகே ஒரு ரேடியோ. சாஸ்திரீய சங்கீதத்துக்கென்றே இருந்த ஒரு நிலையத்தை ஓயாமல் கேட்டுக்கொண்டு கிடந்தார். பின்னால் அவருடைய காட்சிகளில் பார்டோக்கும் சைகோவ்ஸ்கியும் வந்து உட்கார்ந்துகொண்டது இந்த வழியில்தான். ட்ரென்டனில் ரேடியோ அறிவிப்பாளர் வேலை, உள்ளூர்ப் பத்திரிகையில் பத்தி. 1950-ல் பக்கத்துப் பெருநகரமான பிலடெல்ஃபியாவின் டெலிவிஷன் நிலையம் ஒன்றில் சேர்ந்தார். அங்கே சமையல் நிகழ்ச்சி நடத்தினார். அந்த வருஷம் நவம்பரில் காலை நேரத்தில் 'த்ரீ டு கெட் ரெடி' என்று ஒரு நிகழ்ச்சியைக் கொடுத்தார்கள். நிலையம் மூன்றாம் சானலில் வந்ததால் அந்தப் பெயர்.

காலைக் காப்பி நேரத்தில் யார் டெலிவிஷன் பார்ப்பார்கள் என்பதுதான் அன்றைய பொதுப்புத்தி. மணியும் வானிலையும் செய்தியும் சொன்னால் போதும். மிச்ச நேரத்தை எப்படியாவது நிரப்பிக்கொள்ளலாம். பணம் கிடையாது, ஜோடனை கிடையாது, ஒத்திகை கிடையாது. இந்தத் தரித்திரத்தில்தான் கோவாக்ஸ் பெட்டியைத் திறந்து பார்க்க ஆரம்பித்தார். காலி சூப் டின் ஒன்றுக்குள் இரண்டு கண்ணாடித் துண்டுகளைச் சாய்த்து வைத்து அதை லென்ஸின் முன்னால் செருகினால் பிம்பம் தலைகீழாகிவிடும். மனிதன் மேற்கூரையில் நடக்கலாம். குழந்தைகள் விளையாடும் கலைடாஸ்கோப்பை அட்டையும் பசை நாடாவும் வைத்து காமிராவில் ஒட்டி, வரும் வர்ணமற்ற கோலங்களைச் சங்கீதத்துக்கு ஆடவிடலாம். கேபிள்களையும் காமிராக்காரர்களையும் மறைக்க வேண்டியதில்லை; அவர்களும் நிகழ்ச்சியில் பாத்திரங்கள்தாம். உருவப் பரிசோதனை என்று நாம் வாய் நிறையச் சொல்கிறோமே, அதை இந்த மனுஷன் தகர டின்னை வைத்துக்கொண்டு, பல் தேய்க்கும் நேரத்தில் செய்துகொண்டிருந்தார்.

1952 ஜனவரியில் என்பிசி நிறுவனம் தேசம் முழுவதற்குமாக 'டுடே' என்ற காலை நிகழ்ச்சியைத் தொடங்கியது. காலையிலும் பார்ப்பார்கள் என்பது நிரூபணமாகிவிட்டது அல்லவா? கோவாக்ஸின் காலை நிகழ்ச்சி அந்த வருஷமே முடிந்தது. பிறகு பத்து வருஷம் சிபிஎஸ், டுமான்ட், என்பிசி, ஏபிசி என்று அன்றைய நான்கு நெட்வொர்க்குகளிலும் அவர் வேலை செய்தார். ஒன்றிலும் வேரூன்றவில்லை. பகல் நிகழ்ச்சி, இரவு நிகழ்ச்சி, வினாடிவினா என்று எந்த ஓட்டை இருந்ததோ அதில் நுழைந்தார். இடையில் ஹாலிவுட்டில் நடித்தார். கரோல் ரீடின் 'அவர் மேன் இன் ஹவானா'வில் (1959) போலீஸ் கேப்டனாக வருபவர் இவர்தான். 1957-ல் டெலிவிஷன் உலகை வைத்து ஒரு நாவலும் எழுதினார். இவை பக்க வரவுகள். அவருடைய பிரதான காரியம் பெட்டிக்குள்தான் நடந்தது.

1957 ஜனவரி 19. டீன் மார்ட்டினைப் பிரிந்த ஜெர்ரி லூயிஸுக்கு என்பிசி தனியாக ஒன்றரை மணி நேரம் கொடுக்க முன்வந்தது. ஒரு மணி போதும் என்றார் அவர். மிஞ்சிய அரைமணி அனாதையாக நின்றது. அவ்வளவு பெரிய நட்சத்திரத்துக்குப் பின்னால் வந்து நிற்க யாருக்கும் மனம் வரவில்லை. கோவாக்ஸ் வாங்கிக்கொண்டார். அந்த அரைமணியில் அவர் ஒரு வசனம்கூட இல்லாத நிகழ்ச்சியைச் செய்தார். ரேடியோவுக்குப் பிறந்து, பேச்சையே பாலாகக் குடித்து வளர்ந்த ஒரு சாதனத்தில் பேச்சில்லாத அரைமணி.

அதில் யூஜீன் என்று ஒரு பாவப்பட்ட ஆள். மேஜை முன்னால் உட்கார்ந்து சாப்பாட்டுப் பையைத் திறக்கிறான். ஆலிவ் காய் ஒன்றை எடுத்து வைக்கிறான். அது உருண்டு மேஜையின் மறுமுனைக்குப் போய் விழுகிறது. இன்னொன்று; அதுவும் அப்படியே. ஃபிளாஸ்க்கிலிருந்து கோப்பைக்குப் பாலைச் சரிக்கிறான். பால் நேர்க்கோட்டில் இறங்காமல் காற்றில் சாய்ந்து கோப்பைக்கு வெளியே விழுகிறது. அறை நேராக இருக்கிறது, மேஜை நேராக இருக்கிறது, ஆள் நேராக இருக்கிறான். புவியீர்ப்பு மட்டும் கோணல். தந்திரம் எளியது. அரங்கத்தை முழுசாகச் சாய்த்துக் கட்டிவிட்டு, காமிராவையும் அதே அளவு சாய்த்துவிட்டார்கள். இரண்டு கோணல்கள் சேர்ந்து ஒரு நேர் ஆகிவிட்டது. பாலும் ஆலிவும் மட்டுமே உண்மை பேசின.

இதைப் பார்த்துச் சிரித்துவிட்டுப் போகலாம். அப்படிச் சிரித்துவிட்டுப் போனார்கள். ஆனால் அந்தச் சிரிப்பில் ஒரு நிமிஷம் நின்று பார்த்தால் காலடியில் தரை நகர்வது தெரியும். காமிரா மட்டமாக நிற்கிறது என்று நமக்கு யார் சொன்னது? கொத்தனார் சுவர் எழுப்பினால்கூட ரசமட்டம் வைத்துப் பார்க்கிறோம். ஒவ்வொரு இரவும் நம் வீட்டுக்குள் வந்து செய்தி வாசிக்கிற மனிதனின் மேஜைக்கு யார் ரசமட்டம் வைத்துப் பார்த்தார்கள்? மந்திரியின் மேஜைக்கு? சட்டத்துக்குள் எல்லாம் ஒன்றுக்கொன்று இசைவாக இருந்துவிட்டால் அது நேர் என்று நம் கண் ஒப்புக்கொண்டுவிடுகிறது. சட்டமே சாய்ந்திருப்பதைச் சட்டத்துக்குள்ளிருந்து காட்ட வழியில்லை, ஒரு கோப்பைப் பால் தவிர. சாதனமே செய்தி என்கிற மக்லூஹனின் புத்தகம் வந்தது 1964-ல். நம் கட்டுரைகளில் மக்லூஹன் படாத பாடு படுகிறார். அதற்கு ஏழு வருஷம் முந்தி ஒரு கோமாளி அதைவிடத் தெளிவாக, ஒரு வார்த்தை பேசாமல், பால் சிந்திக் காட்டியதை ஒருவரும் கணக்கில் எடுக்கவில்லை.

இதில் இன்னொரு விஷயம் முக்கியம். அந்த ஸ்டூடியோவுக்குள் நின்று நேரில் பார்த்தவனுக்கு வேடிக்கை ஒன்றும் தெரிந்திருக்காது. சாய்வான மேடையில் காய் உருளாமல் என்ன செய்யும்? விந்தை நிகழும் இடம் ஸ்டூடியோ இல்லை, வீட்டிலிருக்கும் கண்ணாடித் திரைதான். கோவாக்ஸுக்கு ஸ்டூடியோ ரசிகர் கூட்டம் பிடிக்காது. கடைசியாக ஏபிசிக்குச் செய்த நிகழ்ச்சிகளில் கூட்டமும் இல்லை, பதிவு செய்து வைத்து ஒட்டுகிற சிரிப்பும் இல்லை. தண்ணீருக்கடியில் நாற்காலி போட்டு உட்கார்ந்து பேப்பர் படித்தபடி சுருட்டுப் புகைப்பார். வாயிலிருந்து வெள்ளைப் புகை சுருள் சுருளாகக் கிளம்பும். வாய் நிறையப் பாலை வைத்துக்கொண்டு மூழ்கியிருக்கிறார், அவ்வளவுதான். தண்ணீர், பால், ஒரு காமிரா. மேடைக்கு இது வராது. காகிதத்துக்கும் வராது.

இப்போது இரண்டாவது கட்சிக்காரர்களிடம் வருகிறேன். நல்ல நாடகம் போட்டால் பெட்டி திருந்தும் என்பவர்களுக்கு அமெரிக்க டெலிவிஷனின் 'பொற்காலம்' ஒரு வேதவாக்கு. பேடி சயெஃப்ஸ்கியின் 'மார்ட்டி' 1953-ல் நேரடி ஒளிபரப்பாக வந்தது. நல்ல நாடகம். எனக்கு அதில் குறையில்லை. ஆனால் அது 1955-ல் சினிமாவாகி ஆஸ்கார் வாங்கியபோது எதை இழந்தது? அதன் சாரம் அப்படியே குடிபெயர்ந்தது. டெலிவிஷன் அதற்கு வாடகை வீடு. மேடையில் விளைந்ததை லாரியில் ஏற்றி வந்து இறக்குவதற்கு டெலிவிஷன் கலை என்று பெயர் வைத்துக் கொண்டாடினார்கள். அதே ஊரில், அதே வருஷங்களில், வீட்டின் சுவரையும் குழாயையும் தட்டிப் பார்த்து என்ன சப்தம் வருகிறது என்று கேட்டுக்கொண்டிருந்தவனை வேடிக்கைக்காரன் என்று விட்டுவிட்டார்கள். கனமான விஷயத்தைச் சொன்னால் கனமான கலை என்கிற நம்பிக்கை கடல் கடந்தும் ஒன்றுதான் போலிருக்கிறது.

இதெல்லாம் பஸ்டர் கீட்டன் செய்ததுதானே என்று ஒரு நண்பர் கேட்கலாம். கீட்டனுக்கு கோவாக்ஸ் கடன்பட்டவர் என்பதில் சந்தேகமில்லை. ஆனால் 1928-ல் வந்த 'ஸ்டீம்போட் பில் ஜூனிய'ரில் வீட்டின் முகப்புச் சுவர் கீட்டன் மேல் சரிந்து, ஜன்னல் துவாரம் அவரை மட்டும் விட்டுவைக்கும்போது, காமிரா நாணயமான சாட்சியாக நின்றாக வேண்டும். சுவர் நிஜம், ஆபத்து நிஜம், அதைப் பார்த்த கண்ணும் நிஜம். கோவாக்ஸில் சாட்சியே பொய் சொல்கிறது. சினிமாவுக்குள் புகுந்து அதன் வெட்டுகளில் சிக்கித் தடுமாறும் 'ஷெர்லாக் ஜூனிய'ரை (1924) எடுத்துக்கொண்டு யாராவது எழுந்து நின்றால், சந்தோஷம். அது சினிமாவைப் பற்றிச் சினிமா செய்த விசாரணை. அதற்கு இணையாக டெலிவிஷனில் நடந்த விசாரணை இது என்பதுதான் என் கட்சி.

முதல் கட்சிக்காரர்களின் பாரபட்சம் இன்னும் சுவாரஸ்யமானது. டெலிவிஷன் பெட்டியைக் கலைப் பொருளாக்கியவர் யார் என்று கேட்டால் நாம் ஜூன் பைக் என்பார்கள். 1963 மார்ச்சில் ஜெர்மனியின் வுப்பர்தால் நகரக் காலரி ஒன்றில் அவர் பெட்டிகளின் பிம்பத்தைக் கலைத்துக் காட்சிக்கு வைத்தார். அங்கிருந்து வீடியோக் கலை தொடங்குகிறது என்று கலை வரலாறுகள் எழுதுகின்றன. பைக் பெரிய கலைஞர்தான். ஆனால் பிம்பத்தைக் கலைக்கும் காரியம் பதிமூன்று வருஷத்துக்கு முன்னாலேயே பிலடெல்ஃபியாவின் வீடுகளுக்குள் தினமும் காலையில் நடந்துகொண்டிருந்ததே, அது ஏன் வரலாற்றில் இல்லை? காலரி இல்லை, காட்டலாக் இல்லை. எல்லாவற்றுக்கும் மேலாக, பார்த்தவர்கள் சிரித்துவிட்டார்கள். சிரித்தால் தீட்டு.

பெக்கெட் 1981-ல் ஜெர்மன் டெலிவிஷனுக்கு 'குவாட்' செய்தார். ஒரு வார்த்தை கிடையாது. அங்கி போர்த்திய நாலு உருவங்கள் ஒரு சதுரத்துக்குள் கணக்குப் பிசகாமல் நடந்துகொண்டேயிருக்கின்றன. இதைப் பற்றி எழுதும்போது நம் பேனாக்களில் பயபக்தி வழிகிறது. வழியட்டும். ஆனால் கோவாக்ஸின் நைரோபி ட்ரியோவைப் பாருங்கள். மனிதக் குரங்கு முகமூடி, நீளக் கோட்டு, வட்டத் தொப்பி அணிந்த மூன்று உருவங்கள். ராபர்ட் மாக்ஸ்வெலின் 'சொல்ஃபெஜியோ' என்கிற ஒரே மெட்டு. ஒன்று பியானோ வாசிக்கிறது. நடுவில் சுருட்டோடு இருப்பது தாளம் போடுகிறது. மூன்றாவதின் கைகளில் இரண்டு பெரிய முரசுக் குச்சிகள். சாவி கொடுத்த பொம்மைகள் மாதிரி அசைவு. மெட்டு ஒரு சுற்று முடியும் இடத்தில் மூன்றாவது திரும்பி நடுவிலிருப்பதின் மண்டையில் இரண்டு தட்டுத் தட்டுகிறது. மறுபடி மெட்டு. மறுபடி தட்டு. அடுத்த தட்டு எப்போது விழும் என்று நமக்குத் தெரியும். அடிபடுகிறதற்கும் மெல்ல மெல்லச் சந்தேகம் வருகிறது; திரும்பிப் பார்க்கிறது; மற்றது ஒன்றும் அறியாததுபோல் நிற்கிறது. தாளம் தப்பாமல் வருவதாலேயே தப்ப முடியாத அடி. திரும்பத் திரும்ப வருதல், காத்திருத்தல், தப்பிக்க வழியில்லாத ஒழுங்கு என்று பெக்கெட்டுக்கு எழுதுகிற அதே வாக்கியங்களை இதற்கும் எழுதலாம். எழுத மாட்டோம், ஏனென்றால் அது குரங்குக் கூத்து.

பெக்கெட்டுக்கு இந்தக் கூச்சம் இருக்கவில்லை. தான் எடுத்த ஒரே திரைப்படத்துக்கு 1964-ல் அவர் கூப்பிட்டது கீட்டனை. கோடோவின் முதல் அமெரிக்க மேடையேற்றம் 1956 ஜனவரியில் மயாமியில் நடந்தபோது அதில் எஸ்ட்ரகனாக நின்றவர் பெர்ட் லார், மலிவான கேளிக்கை மேடைகளில் பழகிய கோமாளி. மூலவருக்குத் தெரிந்தது பூசாரிகளுக்குத் தெரியவில்லை.

பிரெக்ட் பக்தர்களுக்கும் ஒரு வார்த்தை. ஏபிசி நிகழ்ச்சிகளில் ஒரு துணுக்குக் காட்சிக்கும் அடுத்ததற்கும் நடுவே 'மூன்று காசு இசை நாடக'த்தின் மாக்கி மெஸ்ஸர் பாட்டு ஜெர்மன் மொழியிலேயே ஒலிக்கும். திரையில் அந்தக் குரலுக்கு நடுங்கும் ஒரு ஒலியலைக் கோடு, வேறொன்றுமில்லை. கோடு, வெட்டு, ஒரு அபத்தம், வெட்டு, கோடு. காட்சியில் கரைந்து போகவிடாமல் பார்வையாளனைத் திரும்பத் திரும்ப விலக்கி உட்கார வைக்கிற உத்தி. பாட்டு கொலைகாரனைப் பற்றியது, நிகழ்ச்சிக்குப் பணம் கொடுத்தது சுருட்டுக் கம்பெனி. எபிக் தியேட்டர் பற்றி நாம் நடத்திய கருத்தரங்குகளை விட அந்தக் கோட்டுக்கு பிரெக்டை நன்றாகத் தெரிந்திருந்தது.

கவிஞர்களை விட்டுவிட்டால் பாவம். பெர்ஸி டவ்டான்சில்ஸ் என்று கோவாக்ஸின் ஒரு வேஷம். வரிக்குதிரைக் கோடு போட்ட வீட்டு அங்கி, கண் வரைந்த தடிமனான கண்ணாடி, பக்கத்தில் மதுக் கோப்பை. மழலை நாக்கில், புத்தகத்தைப் பார்த்துத் தன் கவிதைகளை வாசிப்பார். கவிதை படு மோசம். ஆனால் கேலி கவிதையின் மேல் இல்லை. வாசிப்பதற்கு முன் ஒரு பக்கவாட்டுப் பார்வை, வரி முடிந்ததும் தன்னையே சிலாகித்துக்கொள்ளும் சிறு மௌனம், பக்கத்தைப் புரட்டும் விரலின் நளினம் என்று கவிஞனாக இருப்பதன் பாவனைகள் மேல்தான் கேலி. நம் கவியரங்கங்களைச் சொல்லவில்லை. அவை எளிய இலக்கு. பத்துப் பேர் வட்டமாக உட்கார்ந்து, தலையைக் குனிந்துகொண்டு, உணர்ச்சி சிறிதும் தட்டாத குரலில் புதுக்கவிதை வாசிக்கிறோமே, அந்த உணர்ச்சியற்ற குரலும் ஒரு வரிக்குதிரை அங்கிதான்.

இங்கே ஒன்றைச் சொல்லாமல் போனால் நானும் பூசாரி ஆகிவிடுவேன். பெர்ஸியின் சிரிப்பில் பாதி, ஆணிடம் தெரிகிற பெண் நளினத்தைக் கேலி செய்வதிலிருந்து வருகிறது. அது அந்தக் காலத்து மலிவுச் சரக்கு. இன்று பார்க்கும்போது உறுத்துகிறது. குரங்கு முகமூடிகளுக்கு நைரோபி என்று ஓர் ஆப்பிரிக்க நகரத்தின் பெயரை வைத்ததும் அப்படியே. கென்யா அன்று பிரிட்டிஷ் காலனி. அந்தப் பெயரைக் கேட்டு யார் சிரித்தார்கள், எதனால் சிரித்தார்கள் என்பதை விசாரிக்காமல் தாண்ட முடியாது. காமிராவின் சாய்வைக் கண்டுபிடித்த ஆளுக்குத் தன் காலத்தின் சாய்வு தெரியவில்லை. அவருடைய வினாடிவினாக்களிலும் சினிமா வேஷங்களிலும் ஏராளமானவை சோற்றுக்குச் செய்தவை. இவற்றையெல்லாம் கழித்தும் மிஞ்சுவது பெரிது என்பதால்தான் இவ்வளவு எழுதுகிறேன்.

அவர் 1962 ஜனவரி 13 அதிகாலை, லாஸ் ஏஞ்சல்ஸில் ஒரு விருந்திலிருந்து திரும்பும் வழியில் கார் கம்பத்தில் மோதி இறந்தார். நாற்பத்து மூன்று வயது நிறைய பத்து நாள் பாக்கி. கடைசி நிகழ்ச்சி அவருடைய பிறந்த நாளன்று ஒளிபரப்பானது. இந்த மரணத்தை வைத்துக்கொண்டு, காலத்துக்கு முந்திப் பிறந்த மேதை, அவனைப் புரிந்துகொள்ளாத உலகம், வணிகப் பிசாசு பலி கொண்ட கலைஞன் என்று ஒரு புராணம் பண்ணியிருக்கிறார்கள். இந்தப் புராணம் நமக்கு மிகவும் பரிச்சயமானது. நம் ஆட்களுக்கு நாம் எழுதும் அஞ்சலிகள் எல்லாமே இந்த அச்சில் வார்த்தவைதாம். எனக்கு இதில் நம்பிக்கையில்லை.

அவரைக் கொன்றது பெட்டி என்றால் அவருக்கு இடம் கொடுத்ததும் பெட்டிதான். எங்கே கொடுத்தது என்று பார்க்க வேண்டும். யாரும் பார்க்கமாட்டார்கள் என்று நினைத்த காலை நேரம். வேறொருவர் வேண்டாமென்று தள்ளிய அரைமணி. டச் மாஸ்டர்ஸ் சுருட்டுக் கம்பெனி மாதம் ஒன்றாக வாங்கிக் கொடுத்த ஏபிசியின் அரைமணிகள். அந்தக் கம்பெனியின் விளம்பரங்களைக்கூட அவர் பேச்சில்லாமல், நால்வர் தந்தி வாத்திய இசையோடு தானே எடுத்தார். நிகழ்ச்சிக்கும் விளம்பரத்துக்கும் நடுவில் கோடு கிழிப்பது கஷ்டம். ஸ்தாபனத்தின் அலட்சியம்தான் அவருடைய சுதந்திரம். எங்கே லாபம் இருப்பதாக அது இன்னும் கண்டுபிடிக்கவில்லையோ அங்கே போய் அவர் குடியிருந்தார். கண்டுபிடித்ததும் காலி செய்யச் சொன்னார்கள். அடுத்த ஓட்டைக்குப் போனார். இதில் தியாகமும் இல்லை, சரணாகதியும் இல்லை. தொழில் இருக்கிறது. வெளியே நின்றால்தான் சுத்தம் என்கிற நம் சித்தாந்தத்தில் இப்படி ஒரு வாழ்க்கையை வைக்க இடமே கிடையாது. முன்னூறு பிரதி அச்சடிப்பதனால் மட்டும் நம் பத்திரிகையின் பக்கங்கள் சாயாமல் நிற்கின்றன என்று யார் சொன்னார்கள்?

அவருடைய காரியங்கள் எப்படி மிஞ்சின என்ற கதையில் விமர்சகர்களுக்குப் பங்கே இல்லை. அந்தக் காலத்து நேரடி ஒளிபரப்பைப் பாதுகாக்க ஒரே வழி, திரையில் ஓடுவதைப் படச்சுருளில் படம் பிடித்து வைப்பது, கினஸ்கோப் என்பார்கள். 1956-லிருந்து வீடியோ டேப் வந்தது. விலை அதிகம் என்பதால் ஒன்றின் மேல் இன்னொன்றைப் பதிந்து பழையதை அழித்தார்கள். கோவாக்ஸ் பெரிய கடனோடும் வருமான வரிப் பாக்கியோடும் செத்தார். அவர் மனைவி ஈடி ஆடம்ஸ், ஜூலியார்டில் பயின்ற பாடகி. நைரோபி ட்ரியோவில் பியானோ வாசித்த குரங்கு பெரும்பாலும் அவர்தான். நண்பர்கள் நிதி திரட்ட ஒரு நிகழ்ச்சி நடத்துகிறோம் என்று வந்தார்கள். வேண்டாமென்றார். மியூரியல் சுருட்டு விளம்பரங்களில் ஆடியும் பாடியும் கிளப்புகளில் நிகழ்ச்சி நடத்தியும் கடனைத் தானே அடைத்தார். கணவரின் டேப்புகள் அழிக்கப்படுகின்றன என்று தெரிந்ததும் அகப்பட்டதையெல்லாம் காசு கொடுத்து வாங்கி வைத்தார். இன்று நாம் கோவாக்ஸைப் பார்க்க முடிவது இதனால்தான். வணிக விளம்பரம் என்றதும் முகம் சுளிப்பவர்கள் ஒன்றை நினைத்துக்கொள்ளலாம்: அமெரிக்க டெலிவிஷனின் மிகத் தீவிரமான கலைஞனைக் காப்பாற்றியது ஒரு பெண் சுருட்டு விற்ற காசு.

எல்லாவற்றையும் அவரால் காப்பாற்ற முடியவில்லை. 1996-ல் டெலிவிஷன் பாதுகாப்பு பற்றிய அரசு விசாரணை ஒன்றில் ஈடி ஆடம்ஸ் ஒரு சாட்சியம் சொன்னார். 1956-லேயே மூடப்பட்டுவிட்ட டுமான்ட் நெட்வொர்க்கின் கினஸ்கோப்புகளை வைத்துக்கொள்ளக் கிடங்குச் செலவு யாருடையது என்று தகராறு வந்ததாம். 1970களின் தொடக்கத்தில் ஓர் இரவு மூன்று லாரிகளில் ஏற்றிக்கொண்டுபோய் நியூயார்க் விரிகுடாவில் கொட்டிவிட்டார்களாம். கோவாக்ஸ் 1954, 1955-ல் டுமான்ட்டுக்குச் செய்தவற்றில் பெரும்பகுதி இன்று நமக்கு இல்லை. ஈடி ஆடம்ஸ் 2008-ல் இறந்தார். 2011-ல் மிச்சமிருந்தவற்றில் ஒரு பகுதி குறுந்தகடுகளாக வந்தது. 2015-ல் அவர் சேர்த்து வைத்த மொத்தமும் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்துக்குப் போனது. கோமாளி இறந்து ஐம்பத்து மூன்று வருஷம் கழித்து.

நம் கதைக்கு வருகிறேன். சென்னையில் டெலிவிஷன் நிலையம் தொடங்கியது 1975 ஆகஸ்ட் 15-ல். நம் சிறுபத்திரிகைகள் மிகத் தீவிரமாக இயங்கிய வருஷங்கள் அவை. உருவமா உள்ளடக்கமா என்று ரத்தம் சிந்தாத குறையாக அடித்துக்கொண்டிருந்தோம். ஊருக்குள் ஒரு புதிய உருவம் வந்து இறங்கியது. வெள்ளிக்கிழமை 'ஒளியும் ஒலியும்' பார்க்கத் தெருவே கூடுகிறது என்று நொந்துகொண்டோம். நல்ல நாடகங்கள் வேண்டும் என்று கோரிக்கை வைத்தோம். அந்தக் காமிரா எங்கே நிற்கிறது, எவ்வளவு சாய்ந்து நிற்கிறது என்று கேட்டு ஒருவர் ஒரு பக்கம் எழுதியதாக எனக்கு நினைவில்லை. அரசாங்கத்தின் பெட்டி, உள்ளே விடமாட்டார்கள் என்பது பதிலாகாது. கோவாக்ஸையும் யாரும் வெற்றிலை பாக்கு வைத்து அழைக்கவில்லை. அன்று ஒளிபரப்பானவற்றில் எவை எங்கே இருக்கின்றன, எவை அழிக்கப்பட்டன என்று கேட்கவும் நமக்குத் தோன்றவில்லை. நம்முடைய விரிகுடாவில் எத்தனை லாரி கொட்டப்பட்டதோ.

இப்போது பெட்டி சட்டைப்பைக்குள் வந்துவிட்டது. ஆளுக்கொரு காமிரா. நம்மில் பலர் அதன் முன்னால் உட்கார்ந்து இலக்கியம் பேசுகிறார்கள்; பின்னால் புத்தக அலமாரி, முகத்தில் தீவிரம், குரலில் அந்தப் பக்கவாட்டு மௌனம். மேடையில் பேசியதையே காமிராவில் பேசுகிறார்கள். முதல் கட்சிக்காரர்கள் இரண்டாவது கட்சிக்கு மாறியிருக்கிறார்கள், அவ்வளவுதான். எனக்கு வேண்டியது சின்ன விஷயம். அவர்களில் ஒருவராவது பேச்சை நிறுத்திவிட்டு, மேஜை மேல் ஒரு நெல்லிக்காயை வைத்து, அது எந்தப் பக்கம் உருளுகிறது என்று பார்க்கட்டும்.